சவுலின் பக்கத்தில் நின்றவர்கள்

வேதபாடம்: அப்போஸ்தலர் 9:10-28, 11:22-26



சவுலின் மனமாற்றத்தைப் பற்றி நாம் அநேகம் பிரசங்கங்களைக் கேட்டிருக்கிறோம். வானத்து ஒளியையும் அவன் தரையிலே விழுந்ததையும் ஓய்வுநாள் பள்ளிப் பிள்ளைகளும் சொல்லிவிடுவார்கள். இம்முறை அவனை ஏற்றுக்கொண்டவர்களைக் கவனிப்போம்.

வீடுதோறும் நுழைந்து, ஆண்களையும் பெண்களையும் இழுத்துச் சிறையில் போட்டவன் சவுல். தமஸ்குவுக்கு அவன் புறப்பட்டதும் அதே வேலைக்காகத்தான். ஆகவே அனனியா தயங்கினதில் குற்றமில்லை. தயக்கத்தை ஆண்டவரிடமே சொல்லிவிட்டு, நேர்த்தெருவுக்குப் போனான். மூன்று நாள் பார்வையின்றி, புசியாமலும் குடியாமலும் இருந்தவன்மேல் கைகளை வைத்து, சகோதரன் என்று அழைத்தான். ஞானஸ்நானத்துக்கு முன்பே அந்த வார்த்தை வந்துவிட்டது.

எருசலேமில் இன்னும் கடினம். மூன்று வருஷத்துக்குப் பின்பு (கலாத்தியர் 1:18) சவுல் அங்கே போனபோதும் சீஷர்கள் அவனை நம்பவில்லை. அவர்களைக் குறைசொல்ல நமக்கு மனம் வரவில்லை. அவனால் சிறைப்பட்டவர்களின் உறவினர் அந்தக் கூட்டத்தில் இருந்திருப்பார்கள் அல்லவா? பர்னபாதான் அவனை அப்போஸ்தலரிடம் அழைத்துப்போனான். இதே பர்னபா முன்பு தன் நிலத்தை விற்றுப் பணத்தைச் சபைக்குக் கொடுத்தவன். அது பெரிய காணிக்கை. ஆனால் சவுலுக்காகத் தன் நற்பெயரையே பிணையாக வைத்தது அதைவிடப் பெரிது என்று எங்களுக்குத் தோன்றுகிறது. சவுல் ஏமாற்றியிருந்தால் பர்னபாவை மறுபடியும் யார் நம்புவார்கள்? பின்னாளில் தர்சுவரைக்கும் தேடிப்போய் அவனை அந்தியோகியாவுக்கு அழைத்துவந்து, ஒரு வருஷம் முழுவதும் கூடவே இருந்தான். (மாற்கைச் சேர்த்துக்கொள்ளப் பவுலே மறுத்தபோதும், பர்னபாதான் மாற்கின் பக்கம் நின்றான்!)

இதை எழுத எங்களுக்குச் சற்றுக் கூச்சம் உண்டு. எங்கள் ஆஸ்பத்திரிக்கு ஒரு பெண் இரண்டுமுறை அடிபட்டு வந்தார். அடித்தவர் கணவர். பிறகு ஒரு மழைக்காலத்தில் அவரே மஞ்சள் காமாலையோடு ஆண்கள் வார்டில் சேர்ந்தார். வைத்தியத்துக்கு வருகிறவர்களிடம் நாங்கள் மதமும் கேட்பதில்லை, நடத்தையும் கேட்பதில்லை. அது எளிது. குணமான பின்பு யாரும் அழையாமலே அவர் எங்கள் சிற்றாலயத்துக்கு வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்தபோதுதான் கடினமாயிற்று. அவர் மனைவிக்குத் தையல் போட உதவிய நர்ஸ் எழுந்து முன்னே போய்விட்டார். நாங்களும் கண்டும் காணாதவர்கள்போல இருந்தோம். மூன்று ஞாயிறு அந்தப் பெஞ்சில் அவர் ஒருவர்தான்.

நான்காம் ஞாயிறு, வார்டு பெருக்கும் ஆயாம்மா அவர் அருகில் போய் உட்கார்ந்தார். பாட்டுப் புத்தகத்தை அவர் கையில் கொடுத்தார். அவருக்கு வாசிக்கத் தெரியாது என்று கண்டதும், பாட்டை வரிவரியாக அவர் காதில் சொல்லிக்கொடுத்தார். ஆயாம்மாவின் குரல் மெல்லிய குரல் அல்ல. கோயில் முழுவதும் கேட்டது.

அவருடைய மனைவி தாய்வீட்டில் இருக்கிறார். திரும்பிப் போகும்படி நாங்கள் அவரிடம் சொல்லவில்லை, சொல்ல எங்களுக்கு உரிமையும் இல்லை. நர்ஸ் இன்னும் முன்பெஞ்சில்தான் உட்காருகிறார். அவரையும் நாங்கள் ஒன்றும் கேட்கவில்லை. உங்கள் ஜெபங்களில் மூவரையும் நினைத்துக்கொள்ளுங்கள்.