மூங்கில் ஈட்டி

ராஜஸ்தானில் சூரு என்று ஒரு மாவட்டம். அங்கே ஒரு சிற்றூரில் 1981ஆம் ஆண்டு பிறந்தவர் தேவேந்திர ஜஜாரியா.

எட்டு வயதில் ஒரு நாள் மரம் ஏறினார். கிளைகளுக்கு நடுவே மின்கம்பி போனது. அதில் கை பட்டுவிட்டது. உயிர் பிழைத்தார். இடது கையை மட்டும் டாக்டர்கள் எடுத்துவிட்டார்கள்.

வெளியே போகவே அவருக்குக் கூச்சம். "போய் விளையாடு" என்று அனுப்பியவர் அம்மாதான்.

மூங்கிலில் ஈட்டி செய்து எறிந்து பழகினார். ஈட்டி எறிய ஒரு கை போதுமே என்று நினைப்போம். அப்படி இல்லை. ஓடி வந்து எறியும்போது, உடம்பு சாயாமல் காப்பது மற்றக் கைதான். அது இல்லாமலே அவர் பழகினார்.

2004ஆம் ஆண்டு. கிரேக்க நாட்டின் ஏதென்ஸ் நகரம். மாற்றுத்திறனாளிகளுக்கான பாராலிம்பிக் போட்டி நடந்தது. தேவேந்திரா 62.15 மீட்டர் தூரம் எறிந்தார். தங்கப் பதக்கம்! உலக சாதனையும்கூட.

அடுத்து 2008, பிறகு 2012. இரண்டு பாராலிம்பிக்கிலும் அவருடைய பிரிவுக்கு ஈட்டி எறிதலே வைக்கவில்லை. வீரர் இருக்கிறார், போட்டி இல்லை. இது என்ன நியாயம்? வயதோ ஏறிக்கொண்டே போனது. அவர் பயிற்சியை விடவில்லை.

2016இல் பிரேசில் நாட்டின் ரியோ நகரில் மீண்டும் வாய்ப்பு வந்தது. அப்போது வயது 35. எறிந்த தூரம் 63.97 மீட்டர். மறுபடியும் தங்கம், மறுபடியும் உலக சாதனை. பாராலிம்பிக்கில் இரண்டு தங்கம் வென்ற முதல் இந்தியர் அவர்தான்.

2021இல் டோக்கியோவில் 64.35 மீட்டர் எறிந்தார். ரியோவைவிட அதிகம்! ஆனால் இலங்கை வீரர் ஒருவர் அதையும் தாண்டி எறிந்துவிட்டார். தேவேந்திராவுக்கு வெள்ளி.