விபத்து மரணம்: நஷ்டஈடு நழுவுவது எங்கே?

"ஐயா, அவருக்கு உடம்பெல்லாம் வலி. ஏதாவது தைலம் கொடுங்க" என்று கேட்டுக்கொண்டு ஓர் அம்மா என் வைத்தியசாலைக்கு வந்தார். முந்தின நாள் கணவரின் ஸ்கூட்டரை ஒரு வேன் தட்டிவிட்டதாம். வெளிக்காயம் இல்லை. "ஒண்ணுமில்லை" என்று எழுந்து வீட்டுக்கு வந்துவிட்டார். ராத்திரி இரண்டு தடவை வாந்தி. காலையில் ஒரே தூக்கக் கலக்கம்.

நான் தைலம் கொடுக்கவில்லை. "இது தலைக்காயமாக இருக்கலாம். உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்க, விபத்துன்னு சொல்லிப் பதிவு செய்யுங்க" என்று சொல்லி, என் நோட்டிலும் குறித்துக்கொண்டேன். அவர்கள் போனது மறுநாள்தான். அங்கேயும் போலீஸ் தொல்லைக்குப் பயந்து, "வீட்டில் மயங்கி விழுந்தார்" என்று சொல்லிவிட்டார்கள். தலைக்குள் ரத்தக்கசிவு, உயிர் பிழைக்கவில்லை. போஸ்ட்மார்ட்டம் இல்லாமலே உடல் வீட்டுக்கு வந்தது.

நான்காம் மாதம் அந்த அம்மா மறுபடி வந்தார். "வேன் மோதித்தான் செத்தார்னு எதை வச்சு நிரூபிக்கிறதுன்னு வக்கீல் கேட்கிறாருங்க ஐயா." 'ஸ்கூட்டர் விபத்து, வாந்தி' என்று என் நோட்டில் இருந்த ஒரு வரிதான் அவர்கள் கையில் கிடைத்த ஒரே எழுத்து!

நான் வக்கீல் இல்லை. ஆனாலும் நஷ்டஈடு பெரும்பாலும் நழுவுவது கோர்ட்டில் அல்ல, முதல் சில நாட்களில்தான் என்பதை அன்று புரிந்துகொண்டேன்.

முதலில் செய்ய வேண்டியவை

விபத்துக்குப் பின் வாந்தி, மயக்கம், கடும் தலைவலி, தூக்கக் கலக்கம் எது இருந்தாலும் எண்ணெய் தடவிக் காத்திருக்காதீர்கள். ஆஸ்பத்திரியில் நடந்ததை நடந்தபடி சொல்லி, விபத்துப் பதிவேட்டில் எழுத வையுங்கள். போலீசில் புகார் கொடுத்து எஃப்.ஐ.ஆர். நகல் வாங்குங்கள். உயிர் போய்விட்டால், மனசு எவ்வளவு வலித்தாலும் போஸ்ட்மார்ட்டத்தை மறுக்காதீர்கள். சில வாரம் கழித்து இறந்தாலும் நஷ்டஈடு கேட்கலாம். அந்தக் காயமே காரணம் என்று காட்டும் முக்கியச் சாட்சி அதுதான். இறப்பு, வாரிசு, வயது, வருமானச் சான்றுகளையும் சேர்த்து வையுங்கள்.

எவ்வளவு கிடைக்கும்?

மோட்டார் வாகனச் சட்டம் 166-வது பிரிவில், வண்டி ஓட்டியவரின் கவனக்குறைவைக் காட்டி, நீங்கள் வசிக்கும் ஊருக்குரிய விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம். 2009, 2017-ஆம் ஆண்டுகளில் உச்ச நீதிமன்றம் வகுத்த கணக்கு இது:

இறந்தவருக்கு வயது 35, சொந்தத் தையல்கடை, மாத வருமானம் 20,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் கூட்டினால் 28,000. மனைவி, தாய், இரண்டு குழந்தைகள் அவரை நம்பியிருந்தால், அவருடைய சொந்தச் செலவுக்கென்று கால் பங்கு கழியும், மிச்சம் 21,000. ஆண்டுக்கு 2,52,000. அந்த வயதுக்குரிய பெருக்கல் எண் 16. ஆக 40,32,000 ரூபாய். ஈமச்சடங்குச் செலவு போன்றவை தனி.

"எங்கம்மா வீட்டிலதானே இருந்தாங்க" என்று விட்டுவிடாதீர்கள். இல்லத்தரசியின் உழைப்புக்கும் பண மதிப்பு உண்டு என்று 2021-லும் உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொல்லியிருக்கிறது.

அவசரக் கையெழுத்து வேண்டாம்

164-வது பிரிவில், யார் மேல் தவறு என்று நிரூபிக்காமலே மரணத்துக்கு 5 லட்ச ரூபாய் கிடைக்கும். சாட்சி இல்லாத குடும்பத்துக்கு இது பெரிய ஆறுதல். ஆனால் அதை ஏற்றுக்கொண்டால் 166-வது பிரிவு மனு காலாவதியாகிவிடும். மேலே பார்த்த தையல்காரர் குடும்பம் அவசரப்பட்டால் எவ்வளவு நஷ்டம், பாருங்கள்! கணக்குப் போட்டுப் பார்த்த பிறகே கையெழுத்து.

மோதிய வண்டி நிற்காமல் ஓடி, எதுவென்றே தெரியாமல் போனால்? அப்போதும் மரணத்துக்கு 2 லட்ச ரூபாய் உண்டு. வருவாய்க் கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் அலுவலகத்தில் விசாரியுங்கள்.

2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, தீர்ப்பாய மனுவை விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் போட வேண்டும். "வருஷத் திதி முடியட்டும்" என்று தள்ளிப் போடாதீர்கள்.

வக்கீலுக்குக் கொடுக்கக் காசில்லையா? மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. அந்த அம்மாவையும் அங்கேதான் அனுப்பினேன், என் நோட்டுப் பக்கத்தின் நகலோடு. தலைக்காயத்தோடு வருகிறவர்களிடம் இப்போதெல்லாம் நான் முதலில் கேட்பது, "விபத்துன்னு பதிவு செஞ்சாச்சா?" என்பதுதான். நீங்களும் உங்கள் அக்கம்பக்கத்தில் கேளுங்கள்.