முதல் படம் எடுக்க வரும் தம்பி தங்கைகளுக்கு

படம் எடுக்கப் போகிறேன் என்று என்னிடம் வருகிறவர்கள் பைனான்ஸ் பற்றித்தான் முதலில் கேட்கிறார்கள். நான் பழைய ஸ்டுடியோ முதலாளிகளின் கதையைச் சொல்லி அனுப்புவேன். எடுத்த படத்தைத் தாங்களே உட்கார்ந்து பார்த்து, பிடிக்காததை மறுபடி செய்ய அவர்கள் தயங்கவே இல்லை. அந்தப் பிடிவாதம் உங்களுக்கும் வேண்டும்.

1. முதல் படம் ஓடவில்லை என்பதற்காகத் தொழிலை விட்டுவிடாதீர்கள். காரைக்குடியில் குடும்பக் கடை, பிறகு கிராமபோன் இசைத்தட்டு வியாபாரம் என்று வந்தவர் ஏ.வி. மெய்யப்பன். 1935இல் கல்கத்தாவுக்குப் போய் ‘அல்லி அர்ஜுனா’ எடுத்தார், படுத்துவிட்டது. அடுத்து வந்த ‘ரத்னாவளி’யும் கையைக் கடித்தது. ஏவி.எம். என்ற பெயரில் நிறுவனம் தொடங்க அவருக்கு 1945 வரை ஆனது.

2. காதைப் பழக்குங்கள். இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் இன்றைக்கும் புதியவர்கள் கோட்டை விடுவது இங்கேதான். மெய்யப்பன் இசைத்தட்டு விற்றவர்; எந்தக் குரலை ஜனங்கள் காசு கொடுத்து வாங்குவார்கள் என்று அவருக்குத் தெரியும். நடிகர்கள் தாங்களே பாடிக்கொண்டிருந்த காலத்தில், 1938இல் ‘நந்தகுமார்’ படத்தில் நடிகைக்காக லலிதா வெங்கட்ராமனைப் பாடவைத்தார். 1944இல் கன்னட ‘ஹரிச்சந்திரா’வைத் தமிழ் பேசவைத்தார். 1945இல் ‘ஸ்ரீவள்ளி’ எடுத்து முடித்த பிறகு குமாரி ருக்மணி பாடிய பாட்டுகள் அவருக்குத் திருப்தி தரவில்லை. விடவில்லை மனுஷன். பி.ஏ. பெரியநாயகியைக் கொண்டு எல்லாவற்றையும் மறுபடி பதிவு செய்தார். இன்றைய டப்பிங் வசதி எதுவும் அன்று கிடையாது. திரையில் ஏற்கெனவே அசைந்துவிட்ட உதட்டுக்கு, தாளம் பிசகாமல், மூச்சு விடும் இடம்கூட ஒத்துப்போகும்படி இன்னொருவர் பாடியாக வேண்டும். படம் பெரிய வெற்றி. உங்கள் படத்தையும் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு முழுக்கக் கேளுங்கள்.

3. இடத்துக்காகக் காத்திருக்காதீர்கள். யுத்த காலத்தில் சென்னையில் மின்சாரத் தட்டுப்பாடு. மெய்யப்பன் காரைக்குடியில் தேவகோட்டை ரஸ்தா பக்கம் ஒரு நாடகக் கொட்டகையை வாடகைக்குப் பிடித்து ஸ்டுடியோ ஆக்கினார். ப. நீலகண்டனின் ‘தியாக உள்ளம்’ நாடகம் ‘நாம் இருவர்’ ஆனது அங்கேதான். பாரதி பாட்டுகளோடு 1947 ஜனவரியில் வந்தது. சுதந்திரம் வரும் வருஷத்தில் அதைக் கொண்டுவந்த புத்தியை நினைத்து இன்றும் வியக்கிறேன்.

4. கால்ஷீட் விஷயத்தில் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரத்தைப் பாருங்கள். இங்கிலாந்தில் ஜவுளித் தொழில் படித்தவர், படத்தையும் ஆலை நடத்துவது மாதிரியே நடத்தினார். நேரம் தவறினால் யாராக இருந்தாலும் பொறுக்கமாட்டார். அவர் தொடங்கிய நிறுவனம் நூறு படங்களைத் தாண்டியது.

5. எஸ்.எஸ். வாசனின் செலவை மட்டும் பார்த்துக் கடன் வாங்காதீர்கள். 1948இல் வெளிவந்த ‘சந்திரலேகா’வுக்குப் பல வருஷ உழைப்பும் சுமார் 30 லட்சம் ரூபாயும் போயின. ஆனால் அவர் ‘ஆனந்த விகடன்’ நடத்தியவர், விளம்பரத் தொழிலிலேயே வளர்ந்தவர். அந்தப் படத்தின் முரசு நடனத்தை எடுக்கத் தெரிந்த மாதிரியே இந்தியில் கொண்டுபோய் நாடு முழுக்க விற்கவும் தெரிந்தவர். விற்கும் வழி தெரியுமுன் செட் போடாதீர்கள்.

6. நடிகரைத் தேர்ந்தெடுத்தால் அவர் பக்கம் நில்லுங்கள். ‘பராசக்தி’யைத் தயாரித்தது நேஷனல் பிக்சர்ஸ் பி.ஏ. பெருமாள் முதலியார், கூட்டாகச் சேர்ந்தவர் மெய்யப்பன். ஏறக்குறைய 2,000 அடி எடுத்தபின், கதாநாயகன் ரொம்ப ஒல்லியாக இருக்கிறார், கே.ஆர். ராமசாமியைப் போடலாம் என்றார் மெய்யப்பன். அனுபவத்திலும் பலத்திலும் பெரியவர் சொல்கிறார், மறுப்பது எளிதல்ல. பெருமாள் மறுத்தார். மாதம் 250 ரூபாய் சம்பளத்துக்கு வந்திருந்த அந்தப் புதுப் பையன் சிவாஜி கணேசன். கடைசியில் ரஷ் பார்த்த மெய்யப்பன் நடிப்பில் அசந்துபோய், தனக்குத் திருப்தி தராத சில காட்சிகளை மட்டும் மறுபடி எடுக்கச் சொன்னார். 1952 தீபாவளிக்குப் படம் வந்தது. எல்லாப் பங்குதாரரும் மெய்யப்பன் மாதிரி பார்த்துவிட்டு மனம் மாறமாட்டார்கள். அதனால் ஒப்பந்தம் எழுதும்போதே, நடிகர் விஷயத்தில் கடைசி முடிவு உங்களுடையது என்று எழுதிக் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.