200 கிலோமீட்டர் மண் எங்கே போனது?

கேள்வி: எங்கள் பக்கத்து ஏரியில் முப்பது வருடத்தில் ஒரு அடி வண்டல் ஏறியிருக்கிறது. வருடத்துக்கு ஒரு சென்டிமீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். திருவக்கரைக் கல்மரங்களுக்கு இரண்டு கோடி வயது என்கிறார்கள். இதே கணக்கில் அங்கே 200 கிலோமீட்டர் உயரத்துக்கு மண் நிற்க வேண்டாமா? எங்கள் ஊர்க் குகைக்கோயில் பாறையும் இப்படிச் சேர்ந்ததுதானா? இந்த ஏரி வண்டலும் ஒரு நாள் கல்லாகுமா?
(வாசகர், மண்டகப்பட்டு)

பதில்: உங்கள் பெருக்கல் சரிதான். வருடா வருடம் ஒரே அளவு மண் சேரும், சேர்ந்தது அப்படியே கிடக்கும் என்று எடுத்துக்கொண்டீர்களே, கோளாறு அங்கேதான்.

முதலில் குகைக்கோயில். செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவும் இல்லாமல் பிரம்மா, சிவன், திருமால் மூவருக்கும் கோயில் எடுத்ததாக ஏழாம் நூற்றாண்டில் பல்லவ மன்னன் மகேந்திரவர்மன் கல்வெட்டு பொறித்த இடம் அது. அந்தப் பாறை மண் சேர்ந்து உண்டானதல்ல. பூமிக்கடியில் பல கிலோமீட்டர் ஆழத்தில், வெப்பத்திலும் அழுத்தத்திலும் இறுகிய படிகப் பாறை. வயது 250 கோடி ஆண்டு வாக்கில். ஆக, உங்கள் ஊர் மண்ணை வாங்குகிற ஊர் அல்ல, கொடுக்கிற ஊர். மழையும் வெயிலும் பட்டுப் பட்டு இந்தப் பாறையிலுள்ள ஃபெல்ட்ஸ்பார் என்ற கனிமம் களிமண்ணாகிவிடும். குவார்ட்ஸ் என்ற கனிமம் மட்டும் அசைந்து கொடுக்காமல் மணலாக உதிரும்.

இப்படி உதிர்ந்ததைத்தான் செஞ்சிப் பக்கமிருந்து சங்கராபரணி ஆறு கிழக்கே சுமந்து போகிறது. ஓட்டம் தளரத் தளர முதலில் கூழாங்கல் தங்கும், பிறகு மணல். தண்ணீர் ஏறக்குறைய நின்றால்தான் களிமண் அடியில் படியும். அதனால்தான் உங்கள் ஏரியில் வண்டலும் ஆற்றில் மணலும். அந்த ஆற்றங்கரையிலுள்ள திருவக்கரைக்குப் போனால் ஓடை அரித்த கரையைக் கிட்டத்தில் பாருங்கள். செம்மண் நிற மணற்கல்லுக்குள் வெள்ளைக் குவார்ட்ஸ் கூழாங்கற்கள் பதிந்திருக்கும். களிமண்ணில் இவ்வளவு பெரிய கல் வந்து சேராது; வேகமாக ஓடிய ஆறு போட்டது அது. கல்மரங்களும் அதையேதான் சொல்கின்றன. கிளை இல்லை, வேர் இல்லை, பட்டை இல்லை, எல்லாம் படுத்த வாக்கில். எங்கோ வளர்ந்த மரங்களை வெள்ளம் உருட்டி வந்து போட்டு, மக்குவதற்குள் மணலால் மூடியிருக்கிறது. பிறகுதான் நிலத்தடி நீரிலிருந்த சிலிக்கா மரத்துக்குள் ஊறி அதைக் கல்லாக்கியது.

ஆக, படிவு என்பது தினக்கூலி அல்ல. எப்போதோ வருகிற பெரிய தொகை. 2024 டிசம்பர் 1 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில், ஃபெஞ்சல் புயலில், உங்கள் மாவட்டத்து மயிலத்தில் 51 சென்டிமீட்டர் மழை கொட்டியது. அப்படி ஒரு நாள் வெள்ளம், பல வருட மழை சுமக்காத மண்ணைச் சுமந்துவிடும். அடுத்த வெள்ளம் அதையே வாரிக்கொண்டும் போகலாம். வரவைப் போலவே செலவும் உண்டு. பீட்டர் சாட்லர் என்ற புவியியலாளர் 1981-ல் உலகெங்கிலுமிருந்து ஏறக்குறைய 25,000 அளவீடுகளைத் திரட்டிப் பார்த்தார். எவ்வளவு நீண்ட காலத்துக்குக் கணக்கெடுக்கிறோமோ, சராசரி வேகம் அவ்வளவு குறைவாக வருகிறது. நீண்ட காலத்தில் இடைவெளிகள் கூடுகின்றன. முப்பது வருட வேகத்தை இரண்டு கோடியால் பெருக்கக் கூடாது என்பது இதனால்தான்.

இடைவெளி எவ்வளவு பெரிதாக இருக்க முடியும் என்பதற்கு உங்கள் மாவட்டமே போதும். வானூர் பக்கம் சிப்பியும், அம்மோனைட் என்ற அழிந்துபோன கடலுயிரின் சுருள் ஓடும் கிடக்கும் சுண்ணாம்புக்கல் உண்டு. டைனோசர் காலத்துக் கடல் விட்டுப்போனது. அந்தக் கடலின் படிவுகள் உட்கார்ந்திருப்பது உங்கள் ஊர்ப் பாறையின் இனத்தைச் சேர்ந்த பழம்பாறை மேல். இரண்டுக்கும் நடுவில் 200 கோடி ஆண்டுக்கு மேல் காலம் ஓடியிருக்கிறது. அந்தக் காலத்துக்கு அங்கே ஒரு பிடி மண்கூடச் சாட்சிக்கு இல்லை. மண் சேரவே இல்லையோ, சேர்ந்து அரித்துப் போனதோ, இரண்டுமோ.

இன்னொன்று, சேர்கிற மண்ணுக்கு இடம் வேண்டும். கோண்ட்வானா என்ற பழைய பெருங்கண்டம் பிளந்தபோது காவிரிப் படுகை கீழே அமிழத் தொடங்கியது. புதுச்சேரிப் பக்கம் அதன் வட ஓரம். தரை அமிழ்ந்துகொண்டே இருந்ததால்தான் மண் மேல் மண் ஏற முடிந்தது. அமிழாத இடத்தில் மேடு ஏறினால் மழை கரைத்துவிடும். ஏறியதும் அதே கனத்தில் நிற்பதில்லை. ஈரக் களிமண் மேல்பாரத்தில் நீரை இழந்து பாதிக்கும் கீழே ஒடுங்கலாம்.

இப்போது உங்கள் ஏரி. அது கல்லாகும் என்று நான் பந்தயம் கட்ட மாட்டேன். அடியில் இருப்பது அமிழாத பழம்பாறை. கரை உடைந்தால் வண்டல் ஓடையில் இறங்கி ஆற்றோடு கடலுக்குப் போய்விடும். கல்லாக வாய்ப்பு இருந்தால் அங்கே, கடலடியில்தான். அதுவரை அது காத்திருக்குமா என்பதும் சந்தேகம். கோடையில் ஏரி வற்றியதும் தாசில்தார் அனுமதியோடு நீங்களே டிராக்டரில் அள்ளி வயலில் கொட்டிவிடுவீர்கள்.