ஒரு மலை, இரண்டு பக்கம்

வானம் தெளிவாக உள்ள நாளில் திருவனந்தபுரத்திலிருந்து கிழக்கே பாருங்கள். தூரத்தில் நீல நிற மலைகள் தெரியும். அவற்றில் உயரமானது அகத்தியர்கூடம். உயரம் 1,868 மீட்டர். பொதிகை மலை என்று நாம் சொல்வது இந்தப் பக்கத்து மலைகளைத்தான்.

இது தனி மலை அல்ல. மலைகள் வரிசையாக நின்றால் அது மலைத்தொடர். குஜராத்தில் தொடங்கிக் கன்னியாகுமரிக்கு அருகில் முடியும் இந்தத் தொடரின் பெயர் மேற்குத் தொடர்ச்சி மலை. நீளம் சுமார் 1,600 கிலோமீட்டர்.

மலைக்கு மேற்கே திருவனந்தபுரம். கிழக்கே திருநெல்வேலி. திருவனந்தபுரத்தில் பெய்யும் மழையில் பாதிகூடத் திருநெல்வேலியில் பெய்வதில்லை. ஏன்?

ஜூன் மாதம் அரபிக்கடலிலிருந்து ஈரக்காற்று வருகிறது. மலை அதை மறிக்கிறது. காற்று மேலே ஏறுகிறது, குளிர்கிறது, மழையாகக் கொட்டுகிறது. மலையைத் தாண்டும்போது அதில் ஈரம் குறைந்துவிடுகிறது. திருநெல்வேலி பெரிய மழைக்கு ஐப்பசி வரை காத்திருக்க வேண்டும். ஆனால் செங்கோட்டைக்கு மேற்கே, ஆரியங்காவில், மலை சற்றுத் தாழ்ந்து வழி விடுகிறது. அந்த வழியே நுழையும் காற்றுதான் ஆனி, ஆடியில் குற்றாலத்துக்குச் சாரலைக் கொண்டுவருகிறது. அருவியில் குளிப்பவர்கள் கேரளத்து மழையில் கொஞ்சம் பங்கு வாங்குகிறார்கள் என்று சொல்லலாம்!

உலகின் மற்ற மலைத்தொடர்களும் இப்படித்தான். நம் நாட்டின் வடக்கே இமயமலை நிற்கிறது. நீளம் சுமார் 2,400 கிலோமீட்டர். அதன் தெற்கே நல்ல மழை. வடக்கே திபெத் வறண்ட பூமி. உலகிலேயே உயரமான எவரெஸ்ட் சிகரம் இமயமலையில்தான், நேபாளம், சீனா எல்லையில் உள்ளது.

தென் அமெரிக்காவின் மேற்கு ஓரத்தில் ஆண்டீஸ் மலை. சுமார் 7,000 கிலோமீட்டர் நீளம். அங்கே அமேசான் பக்கம் ஈரக்காற்று கிழக்கிலிருந்து வருகிறது. அதனால் கிழக்கே அடர்ந்த காடு. மேற்கே சிலி நாட்டில் அட்டகாமா பாலைவனம். மலை காற்றை மறிப்பது அதற்கு ஒரு காரணம். அந்தக் கரையின் குளிர்ந்த கடல்நீர் இன்னொரு காரணம். ஐரோப்பாவில் ஆல்ப்ஸ், வட அமெரிக்காவில் ராக்கி என்று வேறு பெரிய தொடர்களும் உண்டு.

நம் மலைக்குத் திரும்புவோம். மழையை மறித்தாலும் அகத்திய மலை கிழக்கைக் கைவிடவில்லை. நெய்யாறும் கரமனை ஆறும் மேற்கே ஓடி அரபிக்கடலில் சேர்கின்றன. தாமிரபரணி கிழக்கே ஓடி, திருநெல்வேலி வயல்களுக்குப் பாய்ந்து, மன்னார் வளைகுடாவில் சேர்கிறது.

மழை நின்ற பிறகும் இந்த ஆறுகளில் தண்ணீர் எப்படி வருகிறது? மலைக்காட்டின் மண்ணில் இலைச்சருகும் வேரும் நிறைந்திருக்கின்றன. அந்த மண் மழைநீரைக் குடித்து வைத்துக்கொள்கிறது. பிறகு சிறிது சிறிதாக ஓடைகளில் விடுகிறது. மரங்களை வெட்டிவிட்டால் மழைநீர் மண்ணையும் இழுத்துக்கொண்டு ஒரே நாளில் ஓடிவிடும். கோடையில் ஓடை வறண்டுவிடும். இந்த மலைக்காடு 2001-ஆம் ஆண்டு உயிர்க்கோளக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது.

கரமனை ஆற்றில் பேப்பாறை அணை இருக்கிறது. திருவனந்தபுரம் நகரத்தின் குழாய்களில் வரும் குடிநீர் அங்கே தேங்கும் தண்ணீர்தான்.