ஒரு புள்ளியின் விலை

அன்புள்ள வாசகருக்கு,

கட்டணம் வாங்கிக்கொண்டு செய்தியைப் பிழையாகக் கொண்டுபோய்ச் சேர்த்தவர், அதனால் வந்த நஷ்டத்தைத் தர மாட்டேன் என்றால் சட்டம் அதை எப்படி ஏற்கிறது என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் கோபம் நியாயமானது. ஆனாலும் எதிர்த்தரப்புக்கும் சொல்ல ஒன்று இருக்கிறது.

1887 ஜூனில் பிலடெல்பியாவின் கம்பளி வியாபாரி பிரிம்ரோஸ், கான்சாஸில் இருந்த தன் ஏஜெண்டுக்கு வெஸ்டர்ன் யூனியன் கம்பெனி வழியாகத் தந்தி கொடுத்தார். கட்டணம் 1 டாலர் 15 சென்ட். தந்தி சங்கேதச் சொற்களில் இருந்தது. அதில் ‘பே’ (bay) என்றால் ‘நான் வாங்கிவிட்டேன்’. போய்ச் சேர்ந்ததோ ‘பை’ (buy), அதாவது ஆங்கிலத்தில் ‘வாங்கு’. மோர்ஸ் முறையில் ‘ஏ’ எழுத்துக்கு ஒரு புள்ளி, ஒரு கோடு. ‘யு’ எழுத்துக்கு இரண்டு புள்ளி, ஒரு கோடு. ஒரு புள்ளி கூடிவிட்டது. ஏஜெண்ட் கம்பளியை வாங்கிக் குவித்தார். 20,000 டாலருக்கு மேல் நஷ்டம் என்று பிரிம்ரோஸ் வழக்குப் போட்டார்.

தந்திப் படிவத்தின் பின்பக்கம் நிபந்தனைகள் அச்சாகியிருந்தன. பாதிக் கட்டணம் கூடுதலாகக் கட்டினால் செய்தியைத் திருப்பி அனுப்பச் சொல்லிச் சரிபார்ப்பார்கள். அதிலும் பிழை வந்தால் கட்டணத்தைப் போல் 50 மடங்கு வரை ஈடு. சரிபார்க்காத தந்திக்குக் கட்டிய பணம் மட்டுமே. சங்கேதத் தந்தியின் பிழைக்குப் பொறுப்பே இல்லை. பிரிம்ரோஸ் கூடுதல் பணம் கட்டவில்லை.

1894இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், இரண்டு நீதிபதிகள் மாறுபட்ட நிலையில், கம்பெனி பக்கம் நின்றது. 1 டாலர் 15 சென்ட்டுக்கு மேல் கேட்க முடியாது என்றது. மூட்டையை ஏற்றுகிறவர் அது என்ன சரக்கு, என்ன பெறும் என்று பார்க்க முடியும். புரியாத சொற்களை அனுப்பும் குமாஸ்தாவுக்கு அதன் பின்னால் இருக்கும் பணம் எப்படித் தெரியும்? ஒப்பந்தம் செய்யும்போது இரு தரப்பும் எதிர்பார்த்திருக்கக்கூடிய நஷ்டத்துக்குத்தான் ஈடு என்பது 1854இலேயே இங்கிலாந்தில் ஹாட்லி வழக்கில் நிலைபெற்ற விதி. நம் 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 73ஆம் பிரிவும் அதைத்தான் சொல்கிறது.

இந்த வாதத்தை நான் ஒப்புக்கொள்கிறேன், ஒரு நிபந்தனையோடு. பிரிம்ரோஸுக்கு முன்னால் இரண்டு விலைகள் இருந்தன. மலிவானதை அவர் எடுத்தார். அந்த இரண்டாவது விலைதான் முதல் விலையை நியாயமாக்குகிறது.

நம் நாட்டில் 1885ஆம் ஆண்டு தந்திச் சட்டத்தின் 9ஆம் பிரிவு அந்த வழியையே வைக்கவில்லை. தந்தியைப் பெறுவதிலோ அனுப்புவதிலோ சேர்ப்பதிலோ ஊழியர் கடமை தவறினாலும் அரசுக்குப் பொறுப்பில்லை. அசட்டையாகவோ கெட்ட எண்ணத்திலோ மோசடியாகவோ நடந்த ஊழியர்மீது வேண்டுமானால் வழக்குப் போடலாம். மாதச் சம்பளக்காரரிடம் வியாபார நஷ்டத்தை வசூலிக்க எந்த வியாபாரி போவார்? கட்டணம் அரசுக்கு, பொறுப்பு குமாஸ்தாவுக்கு. 2013 ஜூலையில் தந்திச் சேவையே முடிந்தது.

அதன் இடத்துக்கு வந்த தொலைபேசிக்காரர்கள்மீது நுகர்வோர் மன்றத்துக்கே போக முடியாது என்று 2009இல் நம் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2022இல் வோடஃபோன் ஐடியா வழக்கில், போகலாம் என்று தீர்ப்பு வந்தது. கதவு திறந்துவிட்டது, ஆனால் உள்ளே போனதும் 73ஆம் பிரிவின் கேள்விதான் காத்திருக்கும்: இவ்வளவு நஷ்டம் வரும் என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்?

அதனால், பெரிய தொகை தொங்கும் செய்தியானால் அதன் மதிப்பை முன்கூட்டியே எழுத்தில் தெரிவியுங்கள். கூடுதல் கட்டணத்துக்குக் கூடுதல் பொறுப்பு ஏற்பார்களா என்று கேளுங்கள். மாட்டோம் என்றால் அந்தப் பதிலையும் எழுத்தில் வாங்கி வையுங்கள். வேறு வழியே தராமல் போட்ட வரம்பு இது என்று வாதாட அப்போது உங்கள் கையில் ஒரு காகிதமாவது இருக்கும்.

அன்புடன்,
கட்டுரையாளர்