காற்றாலையின் கதை

ஆடித் திங்களில் புதூர்க் கரிசற்காட்டின் நடுவே நின்று நோக்குக. மேற்கிலிருந்து வீசும் காற்று புழுதியை வாரி எழுப்பும். தென்மேற்குப் பருவக்காற்று தன் மழையின் பெரும்பகுதியை மலைத்தொடருக்கு அப்பால் பொழிந்துவிட்டு, கணவாய்களின் வழியே வறண்ட காற்றாய் இப்பக்கம் வருகின்றது. மழை தாராத இக்காற்றினால் பயன் யாது? இவ்வினாவிற்கு விடையாக விளங்குவது காற்றாலை. அதன் கதையை அறிய, 1658-ஆம் ஆண்டில் போர்ச்சுகீசியரிடமிருந்து நம் தூத்துக்குடியைக் கைப்பற்றிய ஒல்லாந்தரின் தாயகத்திற்குச் செல்லுதல் வேண்டும்.

ஒல்லாந்து இன்று நெதர்லாந்து எனப்படும். அந்நாட்டின் பல பகுதிகள் கடல்மட்டத்தினும் தாழ்ந்தவை. நமக்கு நீரின்மை துன்பம். அவர்க்கோ நீரின் மிகுதியே துன்பம். கரை கட்டி வெள்ளத்தைத் தடுத்தாலும், வயல்களில் தேங்கும் நீரை ஓயாது வெளியேற்றியாக வேண்டும். இப்பணிக்கு அவர்கள் காற்றைத் துணைக்கொண்டனர்.

கிண்டர்டைக் என்னும் ஊரில் அத்தகைய காற்றாலைகள் 19 இன்றும் நிற்கின்றன. அவற்றுள் பெரும்பாலானவை 1738, 1740-ஆம் ஆண்டுகளில் எழுந்தவை. ஒவ்வோர் ஆலைக்கும் நான்கு நெடிய கைகள் உண்டு. அவற்றின் மீது பாய் விரித்து, காற்று வரும் திசைநோக்கித் திருப்புவர். கைகள் சுழல, அச்சுழற்சி பற்சக்கரங்களின் வழியே கீழிறங்கி, நீரை அள்ளும் பெருஞ்சக்கரத்தை இயக்கும். தாழ்ந்த வாய்க்காலின் நீர் உயர்ந்த நீர்நிலையை அடைந்து, பின்னர் ஆற்றில் கலக்கும். ஆலையை இயக்குவோர் மனைவி மக்களுடன் ஆலைக்குள்ளேயே வாழ்ந்தனர்.

நீராவிப் பொறியும் மின்பொறியும் வந்தபின் காற்றாலைகள் மதிப்பிழந்தன. ஆயிரக்கணக்கானவை அழிந்தன. எஞ்சியவற்றைக் காக்க 1923-இல் ஒரு சங்கம் தோன்றியது. இரண்டாம் உலகப் போரின்போது எரிபொருள் அரிதாயிற்று. அப்பொழுது, பயனற்றவை என ஒதுக்கப்பட்ட கிண்டர்டைக் ஆலைகள் மீண்டும் சுழன்று நீரை இறைத்தன. பழமையைப் பேணியதன் பயனை மக்கள் கண்கூடாகக் கண்டனர்.

எனினும், மரமும் செங்கல்லும் செப்பனிடப்பட்டால் மட்டும் போதுமா? காற்றின் போக்கறிந்து ஆலையை ஓட்டும் கைகளும் வேண்டுமன்றோ? அத்தொழிலறிவு மறையாதிருக்க, ஊதியம் கருதாத ஆர்வலர்கள் 1972-இல் ஒரு சங்கம் கண்டனர். அதன் வழியே பலர் இக்கலையைப் பயின்றனர். யுனெசுகோ நிறுவனம் 1997-இல் கிண்டர்டைக் ஆலைகளை உலக மரபுச் செல்வங்களுள் சேர்த்தது. 2017-இல் ஆலையோட்டும் கலையையும் மனித குலத்தின் மரபாக ஏற்றது.

இனி நம் நாட்டிற்குத் திரும்புவோம். 1986-இல் தூத்துக்குடியில் நிறுவப்பெற்ற காற்றாலைகள் இந்தியாவின் முதற் காற்றாலைத் தொகுதிகளுள் ஒன்றாகும். அவை ஒவ்வொன்றின் திறன் 55 கிலோவாட்டே. இன்றைய பெரிய காற்றாலை ஒன்று 2000 கிலோவாட்டுக்கும் மேற்பட்ட திறனுடையது. கோவிற்பட்டியை அடுத்த கயத்தாற்றில் காற்றாலைகளைச் சோதிக்கும் நிலையமும் உள்ளது. முதுமையுற்ற காற்றாலைகளைப் புதுப்பிக்கவும், அவற்றின் இடத்தில் திறன் மிக்கவற்றை நிறுவவும் தமிழ்நாடு அரசு 2024-இல் ஒரு கொள்கையை வகுத்தது.

ஒல்லாந்தர் காற்றைக்கொண்டு நீரை வெளியேற்றினர். அதே காற்று தரும் மின்சாரத்தால் நாம் கிணற்று நீரை வயலுக்கு இறைக்கின்றோம். கருவி பழையதாகலாம், அதனைச் செப்பனிடும் அறிவு பழையதாகிவிடலாகாது. அவ்வறிவைக் கற்றுக் காத்தல் இளைஞர் கடமையாகும்.